பன்னிரண்டு இடங்களில் ஒரு பாட்டு

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் என் காதுமேல் எனக்கு அசாத்திய நம்பிக்கை. நோர்வேயின் வடகோடியில் கலைமான் மேய்க்கும் ஆதிக்குடிகளோடு ஒரு குளிர்காலம் முழுக்கக் கிடந்து ஆவணப்படம் எடுத்திருந்தேன். அங்கே ஒரு தாய் உறைந்த ஏரிக்கரையில் நின்று, சொற்களே இல்லாத பாட்டொன்று பாடினார். ஏரியில் விழுந்து இறந்த மகனின் பாட்டு என்றார்கள். கேட்டதும் மயிர்க்கூச்செறிந்தது.

லண்டன் லூயிஷாமில் ஒரு கடைக்கு மேல்மாடியில் எங்கள் எடிட்டிங் அறை. மோர்டனிலிருந்து வரும் எங்கள் ஊர் அண்ணை ஒருவர்தான் எடிட்டர். அவரை இருத்திவைத்து அந்தப் பாட்டைப் பன்னிரண்டு இடங்களில் ஒட்டுவித்தேன். மான்கள் ஓடும்போது அது, கல்யாண வீட்டில் அது, பிள்ளைகள் சிரிக்கும்போதும் அதுதான். பார்த்தவர்கள் ஆகா ஓகோ என்றார்கள். எனக்குத் தலைகால் தெரியவில்லை.

தொலைக்காட்சியில் போக நான்கு நாள் இருக்கையில், அந்தத் தாயையும் மகளையும் லண்டனுக்கு வரவழைத்துப் படத்தைக் காட்டினேன். முடிந்தும் தாய் எழும்பவில்லை. அவர் சொன்னதை மகள் ஆங்கிலத்தில் சொன்னாள். அவர்கள் வழக்கத்தில் ஒவ்வொருவருக்கும் ஒரு பாட்டு உண்டு. அது அவரைப் பற்றியதல்ல, அவரேதான். பாடினால் அவர் வந்துவிடுவார்.

"என் தம்பியை யார் யாருடைய முகத்திலோ வைத்திருக்கிறீர்கள். அம்மாவால் அவனைக் காண முடியவில்லை."

எனக்கு வெட்கமாய்ப் போயிற்று. அண்ணை காதுக்குள் சொன்னார்: "விடுங்கோ தங்கச்சி. நாலு நாளிலை ஒண்டும் செய்யேலாது. ஆருக்குத் தெரியப்போகுது?"

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "உங்கட அப்பாவின்ரை கல்வெட்டிலை வேறை ஆரின்ரையோ படத்தைப் போட்டால் விடுவியளோ அண்ணை?"

எங்கள் ஊர்ப்பக்கம் சாவு நடந்த முப்பத்தோராம் நாளில், இறந்தவரின் படத்தோடும் அவர்மேல் பாடிய பாக்களோடும் அச்சடித்துக் கொடுக்கிறோமே, அந்தப் புத்தகம்தான் கல்வெட்டு. தகப்பனுடையதைத் தானே எழுதி அச்சிட்டவர் அவர். எழும்பிப் போய் எடிட்டிங் மெசினைப் போட்டார்.

ஏரிக்கரையில் மட்டும் விட்டுவைத்து, மற்றப் பதினோரு இடங்களிலும் பாட்டை உரித்தெடுத்தோம். அங்கெல்லாம் காற்றும் குளம்புச் சத்தமும்தான் மிச்சம். படம் முன்னைப்போல் அழகாக இல்லை என்று எனக்கு ஆதங்கம். ஆனால் செய்வது சரி என்பதில் துளி சந்தேகமும் இல்லை.

மூன்றாம் நாள் தாய்க்கும் மகளுக்கும் மறுபடி போட்டுக் காட்டினோம். ஏரிக்கரை வந்தது. தாய் இருந்த கதிரையின் நுனிக்கு வந்துவிட்டார். பாட்டு முடிந்ததும் மகளிடம் மெதுவாக ஏதோ சொன்னார்.

"இங்கே இருக்கிறானாம்," என்றாள் மகள். "அவனை இன்னொரு தரம் கூப்பிடச் சொல்கிறார்."

அண்ணை என் முகத்தைக்கூடப் பார்க்கவில்லை. சுருளைப் பின்னால் ஓட்டினார்.