பதினோரு கையெழுத்து

ஆபீசில் அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் வழக்கொழிந்து முப்பது வருஷம் ஆகியிருந்தது. ‘ஆட்சேபணை’ என்றால்தான் யாருக்கும் தெரியும். முந்நூறு ஊழியர்களின் பணிப்பதிவேடுகள் அவர் பொறுப்பு. விடுப்புக் கணக்கில் அரைநாள் இடித்தாலும் சிவப்பு மையில் ஓர் ஆட்சேபணை எழுதி, ஆளை நடையாய் நடக்க வைத்துவிடுவார். அப்பேர்ப்பட்டவருக்கே, ஓய்வு பெற்றதும் மொத்தமாகக் கைக்கு வரவேண்டிய பணிக்கொடை பதினாலு மாதம் இழுத்தடித்தது என்றால் கேட்கவா வேண்டும்? மனிதர் குதிகுதியென்று குதித்தார்.

குதித்ததில் நியாயமும் இருந்தது. அந்தப் பணத்தை நம்பித்தான் மனைவியின் முழங்கால் அறுவைச் சிகிச்சைக்கு நாள் குறித்திருந்தார்கள். வீடு மூன்றாவது மாடி, லிஃப்ட் கிடையாது. அந்த அம்மாள் பதினாலு மாதமும் கைப்பிடியைப் பிடித்துப் பிடித்து ஏறினார். ஏறும்போதெல்லாம், “இதுக்குக் காரணமானவன் விளங்குவானா? அவன் காலும் இப்படி வலிக்கணும்” என்று வாய்விட்டுச் சபிப்பார். பின்னால் பையைத் தூக்கிக்கொண்டு ஏறும் இவரும், “நல்லாச் சொல்லு, இன்னும் ரெண்டு சேர்த்துச் சொல்லு” என்பார்.

ஒருவழியாகப் பணம் வந்தது, அறுவையும் முடிந்தது. இவர் ஓய்ந்தாரா? தாமதமான பணத்துக்கு வட்டி தர வேண்டும் என்பது விதி. தாமதத்துக்குக் காரணமானவர் சம்பளத்திலிருந்தே அந்த வட்டியைப் பிடிக்க வேண்டும் என்பதும் விதி. விதியின் இரண்டாம் பாதிதான் அவருக்குத் தேனாக இனித்தது. “வட்டி கெடக்கட்டும். அந்த ஆள் யாருன்னு கண்டுபிடிச்சுச் சொல்றேன் பாரு” என்று மனைவியிடம் சபதம் செய்துவிட்டு மனுவைத் தட்டிவிட்டார்.

ஆள் யாரென்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. அவருடைய நாற்காலிக்கு வந்த பெண்தான்! நடுவில் இரண்டு முறை போன் செய்து, “சார், ஒரு தடவ வந்துட்டுப் போங்களேன்” என்றிருந்தாள். “எதுவானாலும் எழுத்துல கேளும்மா” என்று இவர் வைத்துவிட்டார்.

மனு போன மறுவாரமே சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொண்டு போய் அவள் மேஜை முன் உட்கார்ந்தார். அவள் அவருடைய பணிப்பதிவேட்டை எடுத்து நீட்டினாள். பிளாஸ்டிக் உறை, ஓரம் மடங்காத தாள். “புத்தகத்த எப்படி வச்சிருக்கேன் பாத்தியாம்மா?” என்று பெருமையாகப் புரட்டியவர் பாதியில் நின்றார்.

வருஷா வருஷம் அதிகாரி சரிபார்த்துக் கையெழுத்துப் போடும் பக்கம் அது. பதினோரு வருஷத்துக்கும் ஒரே தேதி, ஒரே பேனா, ஒரே கையெழுத்து. எல்லாம் இரண்டு மாதத்துக்கு முன்னால் போட்டவை.

அப்போதுதான் அவருக்கு ஞாபகம் வந்தது. முந்நூறு பேர் பதிவேட்டையும் கையெழுத்துக்குச் சுமந்துகொண்டு போனவர், தன்னுடையதை மட்டும் கொண்டுபோகவே இல்லை. அந்தக் காலத்து அதிகாரிக்கு விரலில் எச்சில் தொட்டுப் பக்கம் புரட்டும் பழக்கம். நம் புத்தகத்தில் எச்சில் படுவதா என்று இழுப்பறையில் வைத்துப் பூட்டினார். இந்த ஆள் மாற்றலாகிப் போகட்டும், மொத்தமாக வாங்கிக்கொள்ளலாம் என்று நினைத்தார். அதிகாரி பதினோரு வருஷம் கழித்துத்தான் போனார். அதற்குள் இந்த மகா புத்திசாலி மறந்துபோனார். வேறு யாருக்காவது ஒரு வருஷம் விட்டுப்போயிருந்தால் சிவப்பு மையில் குளிப்பாட்டியிருப்பார்.

“ஏம்மா, இத முன்னாடியே எழுதியிருக்கலாமே?” என்றார்.

“எழுதினா ஃபைல்ல ஏறிடும் சார். சரிபார்க்காத சர்வீஸ்னு பதினோரு வருஷத்தையும் வெட்டிட்டா பணம் கொறஞ்சிடுமே? அதான் பழைய சம்பளப் பட்டியல் கட்டெல்லாம் பிரிச்சு, நீங்க வேலை பாத்ததுக்கு ஆதாரத்த ஒவ்வொரு மாசமா தேடி எடுத்து, கையெழுத்து வாங்கினேன். நூத்தி முப்பத்திரெண்டு மாசம் சார். பாதியை எலி கடிச்சிருந்தது.” அவள் தயங்கினாள். “இப்ப உங்க மனுவுக்குப் பதில் எழுதணும். காரணமானவர்னு யார் பேரப் போடட்டும் சார்?”

அவள் குத்திக்காட்டவில்லை, நிஜமாகவே கேட்டாள். மனுவைத் திரும்ப வாங்கிக்கொண்டு, “வரேம்மா” என்று எழுந்து வந்துவிட்டார்.

கம்ப்யூட்டர் கோளாறு என்று வீட்டில் சொல்லிவிடலாமா? ஆபீசில் ஊருக்கெல்லாம் சொன்ன பொய், நாக்கு நுனியில் தயாராகத்தான் இருந்தது. கதவைத் திறந்தால், மனைவி கோலை ஊன்றிக்கொண்டு எதிரே நிற்கிறார்.

“யாராம் அந்தப் பாவி?”

“நான்தான்” என்றார். எச்சில் கதை உட்பட எல்லாவற்றையும் சொன்னார்.

அந்த அம்மாள் முகம் கோணி, “வாயில வந்ததெல்லாம் சொன்னேனே, அத்தனையும் உங்களையா?” என்று அழுதார். அழுது முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டவர் கேட்டார்: “அந்தப் பொண்ணுகிட்ட என்ன சொன்னீங்க?”

“வரேன்னேன்.”

“அவ்வளவுதானா? அவ சம்பளத்துல கைவைக்கப் பார்த்துட்டு, வெறும் வரேனா? எனக்கு வலிச்சது போகட்டும். மொதல்ல அங்க போயிட்டு வாங்க.”

ஆபீஸ் மூட அரைமணி இருந்தது. மறுபடியும் அவரைப் பார்த்ததும் அந்தப் பெண் முகம் வெளுத்து எழுந்து நின்றாள்.

“இன்னும் ஏதாவது தப்பா சார்?”

“தப்புதாம்மா. என்னோடது” என்றார். “மன்னிச்சுக்கோ.”