முப்பது விநாடிச் சிரிப்பு

1924, தை மாதம். போடி மலைச்சரிவு, குரங்கணிப் பாதை. ஏலக்காய் மூட்டை சுமந்து ஐந்து பெண்கள் இறங்குகிறார்கள். முப்பது விநாடி, ஒலி இல்லை.

பழைய படச்சுருளின் பெட்டியில் இருந்த குறிப்பு இது. மலைத்தோட்டங்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் பெண்மணி ஒருவர் சென்ற வாரம் அதை எனக்குத் திரையிட்டுக் காட்டினார். மூன்றாவதாகச் சிரித்துக்கொண்டு வருபவள் என் அக்கா. அவள் இறந்து ஒரு மாதமாகிறது. அவளுடைய இளமை முகம் வேறெந்தப் படத்திலும் இல்லை.

“இவ்வளவு பாரத்திலயும் சிரிக்கிறாங்க பாருங்க, ஐயா. ஜோடிச்சு எடுத்தது எதையும் நான் சேர்க்கிறதில்லை. இது அசல்” என்றார் அவர்.

அன்று நானும் அக்காவுடன் மலையில் இருந்தேன், ஏழு வயது. பச்சை ஏலக்காயின் காரமணம் அவள் சேலையில் ஏறியிருந்தது. மூட்டை முதுகை அழுத்த, பெண்கள் குனிந்தே இறங்கினார்கள். கங்காணி வந்து நிறுத்தினார்.

“மொகம் தெரியலேங்கிறாரு தொரை. காயைக் கொட்டிட்டு, சருகை அடைச்சு வெரசா வாங்கத்தா.”

“தெனமும் படம் பிடிக்கச் சொல்லுங்கண்ணே, முதுகாவது பொழச்சுக்கிரும்” என்றாள் அக்கா.

எல்லோரும் சிரித்தார்கள். படத்தில் இருப்பது அந்தச் சிரிப்பு.

இதைச் சொன்னால் காட்சி நீக்கப்படும். சொல்லாமல் வந்துவிட்டேன்.

இன்னும் செய்யாதவை:

மூட்டைகளில் இருந்தது சருகு என்று அவருக்கு எழுதவேண்டும்.

மற்ற நால்வரின் பெயர்களையும் அதில் குறிக்கவேண்டும்.

கடிதத்தை அஞ்சலில் சேர்க்குமுன், அக்காவின் மகளை அழைத்துச்சென்று ஒருமுறை காட்டிவிட வேண்டும்.