புர்ஹான் மச்சான் சொன்ன மூன்று தலாக்

என் அக்கா ரதீபாவின் கணவர் புர்ஹான் கெய்ரோவில் சினிமா நடிகர். பதினைந்து வருடமாக வாயில்காப்போன், போலீஸ்காரன், கல்யாண வீட்டில் சர்பத் தட்டு ஏந்துகிறவன் என்று திரையில் வந்து போனவர். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். கெய்ரோவின் ஷுப்ரா பகுதியில் அவர்கள் வீட்டில் தங்கித்தான் படித்தேன். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பத்து மூன்றில் மச்சானுக்கு முதன்முதலாகப் பேச்சுள்ள வேடம் கிடைத்தது. மனைவியைத் தள்ளிவைக்கிற முரட்டுக் கணவன்.

வசனத்தை வீட்டில்தான் பாடம் செய்தார். அக்கா வெண்டைக்காய் நறுக்கியபடியே மனைவியின் பதில்களைச் சொல்வாள். தலாக் வரும் இடத்தில் மட்டும் மச்சான் "ம்ம், ம்ம், ம்ம்" என்று முனகி நிறுத்திவிடுவார். விளையாட்டாகச் சொன்னாலும் தலாக் விழுந்துவிடும் என்று பயப்படாதவர்கள் எங்கள் பக்கத்தில் இல்லை.

படப்பிடிப்புக்கு நானும் போயிருந்தேன். இயக்குநர் கத்தக் கத்த மச்சானின் சட்டை நனைந்து முதுகில் ஒட்டியது. எதிரே நின்ற நடிகைக்குக் கதையில் ஸுஹா என்று பெயர். மச்சான் கையை ஓங்கினார்.

"ரதீபா, உனக்குத் தலாக், தலாக், தலாக்."

ஸுஹா என்று சொல்ல வேண்டிய இடத்தில் அக்காவின் பெயர்.

"பிரமாதம்யா," என்றார் இயக்குநர். "பேரு ரதீபான்னே இருக்கட்டும். இன்னொரு தடவை உனக்கு இந்த மூஞ்சி வராது."

வீட்டுக்கு வந்த மச்சான் படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"உள்ள வாங்க, சோறு ஆறுது," என்று அக்கா கையைப் பிடிக்க வந்தாள். மச்சான் நெருப்பைக் கண்டதுபோல விலகி, நடந்ததைச் சொன்னார்.

"மூணு தடவையுமா?"

"மூணும்."

அக்கா முக்காட்டை இழுத்து முகத்தை மறைத்துக்கொண்டாள், அந்நிய ஆணுக்கு முன்னால் நிற்பதுபோல.

அன்றிலிருந்து என் அறையில்தான் படுத்தார். "பள்ளிவாசல் ஷேக்கிட்ட கேட்டுருங்க மச்சான்," என்றேன்.

"படிச்சவனே, கேட்டு அவரு ஆமான்னுட்டா? கேக்காத வரைக்கும் அவ என் பொண்டாட்டிடா."

கடைசியில் அக்காதான் அவரைப் பள்ளிவாசலுக்கு இழுத்துப்போனாள். ஷேக் நிதானமாகக் கேட்டார்: "சொன்னப்ப மனசுல யாரு இருந்தா? இவமேல கோவம் இருந்துச்சா? என்கிட்ட பொய் சொல்லித் தப்பிச்சுக்கலாம், அங்க முடியாது."

மச்சான் சொன்னார்: "கோவம் இல்ல ஷேக். பயந்தான். அந்தப் பொண்ணு பேரு மறந்துபோச்சு. பயந்தா என் வாயில வர்றது இவ பேரு ஒண்ணுதான்."

ஷேக் அக்காவின் பக்கம் திரும்பினார். அக்கா தூணைப் பிடித்துக்கொண்டாள்.

"தள்ளிவைக்கிற எண்ணமே இல்லாதவன் இவன். தலாக் விழல. கூட்டிட்டுப் போம்மா. வேற வேஷம் பாக்கச் சொல்லு."

தெருவுக்கு வந்ததும் அக்கா முக்காட்டை விலக்கினாள். "பயந்தாத்தான் என் பேரு வருமாக்கும்? அப்ப சாகுற வரைக்கும் பயந்துக்கிட்டே இருங்க."

மச்சான் சிரிக்கவில்லை. அதன் பிறகும் இருபது வருடம் நடித்தார். வசனமே இல்லாத கணவன் வேடம் வந்தால்கூட, "பொணமாப் படுக்கச் சொல்லுங்க, படுக்குறேன். புருஷன் மட்டும் வேணாம்," என்று கும்பிடு போட்டுவிட்டுத் திரும்பிவிடுவார்.