சின்னத்தாயின் ஒப்பாரியும் பத்திரிகைப் பாராட்டும்

எண்பத்தாறில் எங்கள் தோட்டத்தில் படம்பிடித்த ஒரு மர்மத் தொடர் தொலைக்காட்சியில் வாராவாரம் ஓடியது. ‘ஏழாவது லயம்’ என்று பெயர்; லயம் என்றால் தோட்டத்து வரிசை வீடு. அது ஓடி முடிந்த மறு ஞாயிறு தமிழ்ப் பத்திரிகை ஒன்று அரைப் பக்கத்துக்கு விமர்சனம் எழுதிப் புகழ்ந்து தள்ளியிருந்தது. ஜெராம் சாலையில் இருக்கும் என் மளிகைக் கடையில் உட்கார்ந்து அதைப் படித்தேன். படித்து முடித்ததும் அந்தப் பக்கத்தைக் கிழித்து நெத்திலி மடித்துக் கொடுத்தேன். நெத்திலிக்கு அது கேவலம்தான். என்ன செய்வது, கைக்கு வேறு காகிதம் அகப்படவில்லை.

எனக்கு ஏன் இத்தனை எரிச்சல் என்று புரிய வேண்டுமானால் சின்னத்தாயக்காவைத் தெரிந்திருக்க வேண்டும்.

அக்கா, எண்ணெய்க்காக வளர்க்கும் செம்பனை மரத்தடியில் உதிரிப் பழம் பொறுக்குகிறவர். நெட்டையான உடம்பு, வெற்றிலைக் காவி ஏறிய பல், யாருக்கும் அடங்காத நாக்கு. கடைக்கு வந்தால் ஒவ்வொரு வெங்காயத்தையும் அமுக்கிப் பார்த்து என் உயிரை வாங்குவார். ஆனால் தோட்டத்தில் ஒரு சாவு விழுந்தால் கணக்கெழுதும் கிராணி வீட்டுக்குத் தகவல் போவதற்கு முன்னால் அக்கா வீட்டுக்குத்தான் ஆள் ஓடும். செத்தவர் எப்பேர்ப்பட்டவராக இருந்தாலும் அவரிடம் இருந்த ஒரு நல்லதைத் தேடிப் பிடித்து ஒப்பாரியில் வைத்துவிடுவார். குடித்தே செத்த ஒருவனுக்கு, அவன் தெருநாய்க்குச் சோறு வைத்ததைச் சொல்லி அழுதார். அதைக் கேட்ட பிறகுதான் அவன் பெண்டாட்டிக்கே கண்ணீர் வந்தது.

அப்படிப்பட்டவருக்குத் தன் புருஷன் சன்னாசி செத்த அன்று வாய் திறக்கவில்லை. குலை வெட்டும்போது அவருடைய அலுமினியக் கோல் மின்கம்பியில் பட்டுவிட்டது. முகம் பார்க்கிற நிலையில் இல்லை என்று சொல்லி, ஆஸ்பத்திரியில் கட்டிக் கொடுத்த உடம்பை அப்படியே சுடுகாட்டுக்கு எடுத்துப் போய்விட்டார்கள். வீட்டில் கிடத்தவில்லை. கோடித்துணி போர்த்தவில்லை. அக்கா கல்லாக நின்றார். “ஊருக்கெல்லாம் அழுதேன், அவருக்கு மட்டும் அழலியே தம்பி” என்று என்னிடம் பலமுறை சொல்லியிருக்கிறார். அந்தக் குறைதான் அவரை உள்ளுக்குள் அரித்துக்கொண்டிருந்தது.

இந்த நிலையில்தான் கோலாலம்பூரிலிருந்து படக்குழு வந்து இறங்கியது. கதைப்படி, ஆட்களை வேலை வாங்கும் ஒரு மண்டோர் கொலையாகிறான். அவன் மனைவி பிணத்தின் மேல் விழுந்து ஒப்பாரி வைக்க வேண்டும். மனைவியாக வந்த நடிகைக்கு ஒப்பாரி வரவில்லை, தும்மல்தான் வந்தது. யாரோ அக்காவைக் கைகாட்டிவிட்டார்கள். இயக்குநர் தனபாலன், குளிர்க்கண்ணாடி போட்ட இளைஞன், அக்காவிடம் வந்தான்.

“ஆண்ட்டி, நீங்க மறைவா நின்னு பாடுனா போதும். அவங்க வாய அசைப்பாங்க. சும்மா ஆக்டிங் தான் லா.”

“சாவு இல்லாத எடத்துல ஒப்பாரி வைக்கக்கூடாது தம்பி. அது ஆகாது.”

“கதையில சாவு இருக்கே ஆண்ட்டி!”

அக்கா பாயில் பிணமாகப் படுத்திருந்த நடிகனை வெகுநேரம் பார்த்தார். பிறகு விறுவிறுவென்று என் கடைக்கு வந்து ஒரு புது வேட்டி கேட்டார்.

“யாருக்குக்கா?”

“ஒங்க மாமாவுக்குத்தான்” என்றார்.

எனக்குச் சுருக்கென்றது. கடையை அப்படியே போட்டுவிட்டு அவர் பின்னால் போனேன்.

அக்கா அந்த நடிகன்மேல் கோடி வேட்டியை விரித்துப் போர்த்தினார். மறைவில் போய் நின்று கண்ணை மூடினார். காலையில் வேலைக்குப் பெயர் கூப்பிடும் பெரட்டிலிருந்து தொடங்கினார்.

“பெரட்டு மணி அடிச்சிருச்சே, பேரு கூப்பிடுறாங்களே,
எம்பக்கத்துல நின்னவரே, எங்க போயி நிக்கிறீக?
கோலு தூக்கிப் போனவரே, கொல இன்னும் தொங்குதய்யா,
கொண்டு வந்த தூக்குச்சோறு கொதிப்பாறிப் போச்சுதய்யா!”

விளக்குப் பிடித்தவன் அழுதான். நானும்தான் அழுதேன். ‘கட்’ என்று சத்தம் கேட்டதும் பிணம் எழுந்து உட்கார்ந்தது, பசிக்கிறது என்றது, அந்தக் கோடி வேட்டியின் முனையாலேயே முகத்துப் பவுடரைத் துடைத்தது. நல்ல வேளை, அக்கா அதைப் பார்க்கவில்லை. குழாயடியில் முகம் கழுவிக்கொண்டிருந்தார். “இன்னைக்குத்தான் தம்பி அவர அனுப்பி வச்சேன்” என்றார். அந்த முகத்தில் அப்படியொரு தெளிவை அதற்குமுன் நான் பார்த்ததில்லை.

தொடர் ஓடியது. ஒப்பாரி வந்த வாரம் என் கடைத் தொலைக்காட்சிக்கு முன்னால் கூடியிருந்த பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள். அக்கா தலைகுனிந்து கேட்டுக்கொண்டிருந்தார். பெயர்ப் பட்டியலில் அவர் பெயர் வரவில்லை. அவரும் அதைத் தேடவில்லை.

கடைசி வாரம்தான் கொலைகாரி யாரென்று காட்டினார்கள். செத்தவனின் பெண்டாட்டியேதான்! அதோடு விட்டார்களா? அதே ஒப்பாரியை மறுபடி ஓடவிட்டு, இந்த முறை நடிகையின் முந்தானைக்குள் மறைந்திருந்த முகத்தைக் காட்டினார்கள். அங்கே அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். கடையில் விசில் பறந்தது.

அரிசி மூட்டைமேல் உட்கார்ந்திருந்த அக்கா என் பக்கம் திரும்பினார். “ஏன் தம்பி அவ சிரிக்கிறா?”

“கதை அப்படிக்கா.”

“கதையில சிரிக்கட்டும். எம்பாட்டுக்குள்ள ஏன் சிரிக்கிறா?”

நான் தொலைக்காட்சியை அணைத்தேன். எல்லாரும் என்னைத் திட்டினார்கள்.

இதற்குத்தான் அந்த விமர்சகன் அரைப் பக்கம் எழுதியிருந்தான். ‘கணவனைக் கொன்றவளின் போலி ஒப்பாரிதான் தொடரின் உச்சம். கூர்ந்து கேட்ட ரசிகனுக்கு அது வேடம் என்பது அன்றே புரிந்திருக்கும். உயிரில்லாத அந்தக் குரலில் நடிகை காட்டிய நுட்பம் அபாரம்.’ உயிரில்லாத குரலாம்! இவனுக்குக் காது இருக்க வேண்டிய இடத்தில் என்னதான் இருக்கிறது? அடுத்த வாரம் வாசகர்களும் ஆமாம் சாமி போட்டுக் கடிதம் எழுதினார்கள். எங்களுக்கும் அப்போதே சந்தேகம் வந்தது என்று ஆளாளுக்கு அளந்திருந்தார்கள். புளுகு மூட்டைகள்!

பத்திரிகைக்காரனையாவது தொலையட்டும் என்று விடலாம். அக்காவின் குரலை இருபது வருஷமாகக் கேட்டு அழுத எங்கள் ஆட்கள் இருக்கிறார்களே, அவர்களை எதில் சேர்ப்பது? அச்சில் வந்ததைப் படித்ததும் அவர்கள் காதும் மாறிவிட்டது. “ஆமா, புருஷன் செத்தப்ப அந்தம்மா ஒரு சொட்டு கண்ணீர் விடலியே” என்று என் கடை வாசலிலேயே பேசினார்கள். துடைப்பத்தை எடுத்து வாசலைப் பெருக்குகிற சாக்கில் புழுதியை அவர்கள்மேல் ஏற்றினேன். பேச்சு நிற்கவில்லை, கொஞ்சம் தள்ளிப் போய்த் தொடர்ந்தது. அது அக்கா காதுக்கும் போனது. வெங்காயத்தை அமுக்கிப் பார்ப்பதைக்கூட விட்டுவிட்டார். நான் அள்ளிப் போட்டதை வாங்கிக்கொண்டு போனார்.

அந்த வருஷக் கடைசியில், அக்காவோடு கூடப் பழம் பொறுக்கிய காளியம்மா மாரடைப்பில் போய்விட்டார். இருவரும் உயிருக்குயிரானவர்கள். அக்கா ஓடிவந்து அந்தத் தலையை மடியில் வைத்துக்கொண்டு, “ஏ காளி, எங்கூட்டாளி...” என்று தொடங்கினார். தோட்டமே அமைதியானது. எனக்கு நிம்மதியாக இருந்தது. இதோ, இனி யாரும் வாய் திறக்கமாட்டார்கள் என்று நினைத்தேன்.

ராவாங் ஊர்த் தொழிற்சாலையில் வேலை செய்யும், காளியம்மாவின் சொந்தக்காரப் பெண் ஒருத்தி கேசட் ரெக்கார்டரை அக்காவின் வாய்க்கு அருகில் நீட்டினாள்.

“ஆண்ட்டி, டீவியில வந்ததையே பாடுங்களேன். அந்தப் பெரட்டு மணி. செம்மையா இருக்கும் லா.”

ஒருவர்கூட அவளை அதட்டவில்லை. பாடட்டுமே என்று இரண்டு பெண்கள் தலையாட்டினார்கள்.

அக்கா பாட்டை நிறுத்தினார். காளியம்மாவின் நெற்றியில் கலைந்திருந்த முடியை ஒதுக்கினார். “ஒனக்கும் என்னைய அழ விடமாட்டேங்குறாங்கடி” என்று அவள் காதருகே சொன்னது பக்கத்தில் நின்ற எனக்கு மட்டும் கேட்டது. அதற்குப் பிறகு அவர் வாயே திறக்கவில்லை.

பாடை தூக்கினார்கள். அக்கா வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். எனக்குப் பின்னால் ஒரு குரல் கேட்டது.

“பாத்தியா, கூட்டாளி செத்ததுக்கும் அழுக வரல. எங்கண்ணன் செத்தப்பவும் இதே மாதிரிதான் நின்னா.”

திரும்பிப் பார்த்தேன். சன்னாசியின் கூடப்பிறந்த தங்கை.