கவிழ்ந்து கிடந்த ஒன்பது அட்டைகள்

பிறப்புப் பதிவு அலுவலகத்தின் மூன்றாவது ஜன்னலில் இருபத்திரண்டு வருஷமாக உட்கார்ந்திருப்பவளை எல்லோரும் அகராதி அக்கா என்றுதான் கூப்பிடுகிறார்கள். பெற்றவர்கள் வைத்த பெயர் சம்பளப் பட்டியலில் மட்டும் உயிரோடு இருக்கிறது. பெயர்களுக்கு அர்த்தம் சொல்வதால் வந்த பட்டம் என்று அவள் நம்புகிறாள். வாய்த்துடுக்குக்கும் சேர்த்து வந்தது என்று முத்திரை குத்துகிறவர் சொல்வார், அவள் காதில் விழாத தூரத்தில் நின்றுகொண்டு.

பிள்ளை பிறந்து மாதக்கணக்காகியும் பெயர் அகப்படாமல் முழிக்கிற பெற்றோருக்கு அவளை விட்டால் ஆளில்லை. அவள் முதுகுக்குப் பின்னால் சுவரை அடைத்துக்கொண்டு மர இழுப்பறைகள். ஒரு பெயருக்கு ஓர் அட்டை. பெயர், அதன் பொருள், எந்தச் சொல்லிலிருந்து வந்தது, எல்லாம் அவள் கையெழுத்தில். அடுக்கியிருப்பது பொருள்வாரியாக: ஒளிக்கு ஓர் இழுப்பறை, பூவுக்கு ஒன்று, வெற்றிக்கு ஒன்று. கடைசியில், தரையோடு ஒட்டி, சிக்கல் தீர்ப்பவர்களுக்கு ஒன்று. முடிச்சை அவிழ்ப்பவன், வழி காண்பவள், தடையை நகர்த்துகிறவன் என்று அர்த்தம் வருகிற பெயர்கள். மொத்தமே பதினோரு அட்டைகள்தான். குனிந்து எடுக்க வேண்டும் என்பதால் முழங்கால் வலிக்காரிக்கு அதன்மேல் பெரிய பிரியம் கிடையாது.

அவளுக்கு இன்னொரு வழக்கமும் உண்டு. பக்கத்து அறை இறப்புப் பதிவு. நடுச்சுவரில் கையளவுக்கு ஒரு பலகைக் கதவு. ஒரு வயது நிறையாத குழந்தை தவறிவிட்டால் அந்தப் பலகை நகரும், பெயர் எழுதிய துண்டுச்சீட்டு இந்தப் பக்கம் விழும். உடனே அந்தப் பெயரின் அட்டையைக் கவிழ்த்து வைத்துவிடுவாள். ஒரு வருஷத்துக்கு அதை யாருக்கும் எடுத்துக் கொடுக்க மாட்டாள். இப்படிச் செய்யச் சொல்லி எந்தச் சட்டமும் இல்லை. சூடு ஆறாத பெயரை அடுத்த பிள்ளை தலையில் கட்ட அவளுக்கு மனசு வராது, அவ்வளவுதான்.

அவளுக்கு ஒரே மகள். கல்யாணமாகி ஆறு வருஷம் கழித்து இப்போது ஏழாம் மாதம். ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வந்தவள், தட்டைக் கழுவிக்கொண்டே கேட்டாள்.

"அம்மா, சிக்கல் தீரும்னு அர்த்தம் வர்ற மாதிரி பேரு ஏதாவது உங்கிட்ட இருக்கா?"

"பூ பேருதான் வேணும்னு நாலு மாசமா என் உயிர வாங்கினியேடி?"

"மனசு மாறிடுச்சு. பாத்துச் சொல்லேன்."

"டாக்டர் என்ன சொல்றாங்க?"

"எல்லாம் நல்லா இருக்காம்."

திங்கட்கிழமை காலையில் முதல் வேலையாகக் குனிந்து கடைசி இழுப்பறையை இழுத்தாள். பதினொன்றில் ஒன்பது கவிழ்ந்து கிடந்தன. எழுத்தில்லாத வெள்ளை முதுகுகள். ஒவ்வொன்றையும் கவிழ்த்தது அவள் கைதான், வேறு வேறு நாளில், வேறு வேறு அவசரத்தில். ஒன்பதையும் சேர்த்துப் பார்ப்பது இதுதான் முதல் தடவை. எழுந்து பூவைத் திறந்து பார்த்தாள். இருநூற்றுச் சொச்சத்தில் மூன்று. ஒளியில் இரண்டு. மறுபடி குனிந்து எண்ணினாள். ஒன்பதேதான்.

வேர்ச்சொல் தேடியே பழகின புத்தி சும்மா கிடக்குமா? தீர்வு என்றால் தீர் என்பதிலிருந்து வந்தது. பிரச்சினையும் தீரும், டப்பாவில் சர்க்கரையும் தீரும், ஆயுளும் தீரும். விடை, விடு என்பதிலிருந்து வந்தது. கேள்விக்கும் விடைதான், புறப்பட்டுப் போகிறவருக்குக் கொடுப்பதும் விடைதான். இந்தச் சொற்களின் வயிற்றுக்குள்ளேயே ஏதோ முடிந்துபோகிற சங்கதி இருக்கிறது என்று அவளுக்குத் தோன்றிவிட்டது. கடைந்தெடுத்த பைத்தியக்காரத்தனம். ஆனால் பெற்ற மகள் விஷயத்தில் எந்தத் தாய்க்கு மூளை நேராக வேலை செய்திருக்கிறது?

அப்படியே குந்தியிருந்தபோது பலகைக் கதவு நகர்கிற சத்தம் கேட்டது. சீட்டு மேஜையில் விழுந்தது. எழுந்து போய்ப் படித்தாள். திரும்பி வந்து பத்தாவது அட்டையையும் கவிழ்த்தாள்.

இனி நிமிர்ந்து கிடந்தது ஒன்றே ஒன்று. மகள் கேட்கப்போவது தெரிந்து காத்திருந்ததுபோல் அது அவளையே பார்த்துக்கொண்டிருந்தது. இழுப்பறையைக் காலால் தள்ளி மூடிவிட்டு மகளுக்குப் போன் செய்தாள்.

"அந்த மாதிரிப் பேரெல்லாம் ஒண்ணும் இல்லடி. பூவுலயே பாரு."

"ஒண்ணு கூடவாம்மா இல்ல?"

"இல்லங்கறேன்ல."

அடுத்த மூன்று நாளும் அவள் அவளாக இல்லை. வீட்டில் ஏதாவது ஒரு கதவு லேசாக அசைந்தால்கூட, சீட்டு விழுந்திருக்கிறதா என்று தரையைப் பார்த்தாள். அந்த அர்த்தத்தில் பெயர் கேட்டு வந்த இரண்டு பேரைக் கூசாமல் பொய் சொல்லித் திருப்பி அனுப்பினாள்.

வெள்ளிக்கிழமை மதியம் ஜன்னலில் ஓர் ஆள். சட்டைப் பையில் ஆஸ்பத்திரி அனுமதிச்சீட்டு துருத்திக்கொண்டிருந்தது. அவர் கேட்டதும் சிக்கல் தீரும் என்று அர்த்தம் வருகிற பெயர்தான்.

"அந்த மாதிரிப் பேரு ராசியில்லீங்க. ஒளின்னு அர்த்தம் வர்ற மாதிரி நல்ல பேரா எடுத்துத் தரட்டுமா?" என்றாள்.

அவர் கோபப்படவில்லை. கோபப்படுகிற தெம்புகூட அவரிடம் இல்லை.

"மேடம், பிள்ள பொறந்து பன்னெண்டு நாளா கண்ணாடிப் பெட்டிக்குள்ள கிடக்குது. நல்லா இருக்கிற பிள்ளைக்கு யாருங்க இந்த மாதிரிப் பேரத் தேடிக்கிட்டு வருவாங்க?"

அவளுக்கு ஓங்கி அறைந்ததுபோல் இருந்தது. கவிழ்த்த பத்துப் பெயருக்கும் ஜன்னலில் வந்து நின்ற முகங்களை நினைத்துப் பார்த்தாள். மருந்துப் பை, தூங்காத கண், எப்போது வேண்டுமானாலும் உடைகிற குரல். பெயர் எந்தப் பிள்ளையையும் தேடிப் போகவில்லை. ஆபத்தில் கிடந்த பிள்ளைகளைப் பெற்றவர்கள்தான் பெயரைத் தேடி வந்திருக்கிறார்கள். குனிந்து பதினோராவது அட்டையை எடுத்து நீட்டினாள். அவர் வாய்விட்டுப் படித்து, இரண்டு தரம் எழுத்துச் சரிபார்த்து, எழுதிக்கொண்டு போனார்.

நாலு நாளாக நெஞ்சை அழுத்திக்கொண்டிருந்த பாரம் இறங்கியது. தன் முட்டாள்தனத்தை நினைத்து அவளுக்குச் சிரிப்புக்கூட வந்தது.

"என்னக்கா, இன்னைக்குத்தான் முகத்துல வெளிச்சம் வந்திருக்கு?" என்றார் முத்திரை குத்துகிறவர்.

"ஒண்ணுமில்லப்பா. பேர்ல ஒரு குத்தமும் இல்ல. மனசுல பெரிய பயத்த வச்சிருக்கிறவங்கதான் அந்த மாதிரிப் பேரு கேப்பாங்க. வேற யாரும்..."

பேச்சு அப்படியே நின்றது. அவர் என்னவென்று கேட்பதற்குள் போனை எடுத்து மகளை அழைத்தாள்.

"ஸ்கேன்ல என்னடி சொன்னாங்க?" என்றாள், எடுத்ததும்.

அந்தப் பக்கம் ஒரு கதவைச் சாத்துகிற சத்தம் கேட்டது. மகள் குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"உனக்கு யாரும்மா சொன்னா? அவருகிட்டயே இன்னும் நான் சொல்லலையே."