தீயில் காட்டிய நூல்

பல்லடம் பக்கம் ஒரு பழைய குடோனில் சினிமாக்காரர்கள் பலகையால் போர் விமானம் செய்து நிறுத்தியிருந்தார்கள். கதாநாயகனுக்கு விமானி உடுப்பு தைத்தது நான். எல்லாம் நிஜம்போல் இருக்க யோசனை சொல்ல வந்தவர் ஓய்வுபெற்ற விமானப்படை விமானி, பொங்கலூர்க்காரர். சித்திரை வெயிலிலும் முழுக்கைச் சட்டையின் மணிக்கட்டுப் பித்தானைக் கழற்ற மாட்டார். ஏனோ என்று என் கண் அங்கேயே போகும்.

நான் தைத்த உடுப்பிலிருந்து ஒரு நூலை உருவித் தீக்குச்சியில் காட்டினார். பருத்தியா என்று பார்க்க நாங்களும் அப்படித்தான் செய்வோம். நூல் உருகிச் சொட்டியது.

"பாலியஸ்டருங்களா? வேண்டாமுங்க, காட்டன்ல தைங்க."

"கேமராவுக்குப் பளபளன்னு இருக்கோணும்னாங்க, சார். இது பறக்கவா போகுதுங்க?"

"தீப்பிடிச்சா தோலோட ஒட்டிக்குமுங்க," என்றார், மணிக்கட்டைத் தடவியபடி.

மறுநாளே பருத்தியில் தைத்துக் கொடுத்தேன். அதிலும் ஒரு நூலை உருவி எரித்து, சாம்பலை விரலில் நசுக்கிப் பார்த்தார். அப்புறம்தான் கதாநாயகனைப் பலகை விமானத்தில் ஏறவிட்டார்.