மேன்முறையீடு கேட்ட மதினி

நானும் கணவரும் மனமொத்துப் பிரிவதென்று, ஒரே மோட்டார் சைக்கிளில் கல்முனைக் காதி நீதிமன்றத்துக்குக் காதியாரிடம் போனோம். ஊற்றிக் கொடுக்கும் தேத்தண்ணியில் எல்லாம் குறை கண்டுபிடிக்கிற மனிதரோடு எவ்வளவு காலந்தான் இருப்பது?

"தீர்ப்புல குறையிருந்தா மேன்முறையீடு செய்யேலும்," என்றார் காதியார்.

"தேவல்ல," என்றோம் இருவரும். பல வருடங்களில் நாங்கள் ஒன்றாகச் சொன்ன முதல் வார்த்தை அது.

எங்கள் பக்கம் வீடு பெண்ணுக்குத்தான் சீதனம். ஆகவே என் வீட்டை விட்டு அவர்தான் போகவேண்டும். அவருடைய உம்மாவின் வீடோ எப்போதோ தங்கைக்குச் சீதனமாகிவிட்டது.

பின்னால் ஆட்டோவில் வந்திருந்த அந்தத் தங்கை, என் மதினி, தன் காக்காவான என் கணவரைப் பார்த்துக்கொண்டே எழுந்தாள்.

"மேன்முறையீட்ட நான் செய்யேலுமா?"

"இந்த வழக்குல நீங்க ஆரு புள்ள?"

"இனிக் காக்காக்குத் தேத்தண்ணி ஊத்தப் போறவ."